ஆச்சியைக் காணோம்: குழந்தைப் புத்தகங்களில் வரும் குடும்பங்கள் பற்றி

சனிக்கிழமை காலையில் எங்கள் தெருவுக்குப் பக்கத்து நூலகத்தில் பத்துப் பதினைந்து பிள்ளைகளை உட்காரவைத்துக் கதை வாசிப்பது என் வழக்கம். திருநெல்வேலிப் பக்கம். ஒருநாள் வாசித்து முடித்ததும் ஆளுக்கு ஒரு தாளைக் கொடுத்து, "உங்க வீட்ல இருக்கவங்கள வரைங்க" என்றேன். இரண்டாம் வகுப்புப் பையன் ஒருவன் நான்கு பேரை வரைந்தான். மீசை வைத்த அப்பா, சேலை கட்டிய அம்மா, டவுசர் போட்ட பையன், ரெட்டைச் சடை போட்ட தங்கச்சி. எனக்கு அவன் வீடு தெரியும். அங்கே இருப்பது இரண்டே பேர், அவனும் அவன் ஆச்சியும். அம்மா திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை பார்க்கிறார், தீபாவளிக்கும் பொங்கலுக்கும் வந்து போவார். அப்பா எப்போதோ போய்விட்டார். தங்கச்சி என்று ஒருத்தி கிடையவே கிடையாது. "இது யாருல?" என்று அந்தச் சடைக்காரியைக் காட்டிக் கேட்டேன். "குடும்பம்னா இப்டித்தான சார் வரையணும், புக்ல இப்டித்தான இருக்கு" என்றான்.

அவன் மேல் தப்பில்லை. அவன் பார்த்த புத்தகங்களில் அப்படித்தான் இருக்கிறது. அப்பா நாற்காலியில் பேப்பர் படிப்பார், அம்மா அடுப்படியில் நிற்பார், ஒரு பையன், ஒரு பெண். அந்தப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குச் சுவரில் வரைந்திருந்த சிவப்பு முக்கோணமும் 'நாம் இருவர் நமக்கு இருவர்' என்ற வாசகமும் ஞாபகம் வரும். குடும்பக் கட்டுப்பாட்டு விளம்பரத்துக்காக வரைந்த நாலு முகம், அப்படியே பாடப் புத்தகத்துக்குள் குடியேறிவிட்டதோ என்று தோன்றும். இது என் ஊகம்தான். ஆனால் மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்கு வருகிறவர்கள்கூட அப்படிக் கேட்பதில்லை. யார் யார் சேர்ந்திருந்து ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிடுகிறார்களோ அவர்கள் ஒரு வீட்டார், அவ்வளவுதான் அவர்கள் கணக்கு. அந்தக் கணக்கில் ஆச்சியும் பேரனும் ஒரு முழு வீடு.

சரி, இதற்கும் புத்தகத்துக்கும் என்ன சம்பந்தம்? குழந்தை இலக்கியம் பேசுகிறவர்கள் அடிக்கடி சொல்லும் ஒரு உவமை இருக்கிறது. அது புரிந்தால் மற்றதெல்லாம் தானாகப் புரியும். ஓஹையோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்த ரூடின் சிம்ஸ் பிஷப் 1990இல் ஒரு சின்னக் கட்டுரை எழுதினார். புத்தகம் சில நேரம் ஜன்னல், அதன் வழியாக வேறொருவர் வாழ்க்கையைப் பார்க்கிறோம். சில நேரம் அது தள்ளுகதவு, திறந்துகொண்டு அந்த உலகத்துக்குள் நடந்தே போய்விடலாம். சில நேரம் முகம் பார்க்கும் கண்ணாடி, நம் முகமும் நம் வீடும் அதில் தெரியும். எல்லாப் பிள்ளைகளுக்கும் இந்த மூன்றும் வேண்டும் என்பது அவர் வாதம். எந்தப் புத்தகத்திலும் தன் முகத்தைப் பார்க்காமல் வளர்கிற பிள்ளை, இந்த உலகத்தில் தனக்கு என்ன மதிப்பு என்று ஒரு முடிவுக்கு வந்துவிடும், அந்த முடிவு நல்லதாக இருக்காது. எல்லாப் புத்தகத்திலும் தன் முகத்தையே பார்த்து வளர்கிற பிள்ளைக்கும் கேடுதான், உலகமே தன்னைப் போல என்று நினைத்துக்கொள்ளும். இந்த இரண்டாவது பாதியைப் பலர் மறந்துவிடுகிறார்கள். அப்பா, அம்மா, இரண்டு பிள்ளைகள் என்று இருக்கும் வீட்டுக் குழந்தைக்கும் ஆச்சி வளர்க்கும் பையனின் கதை தேவை.

வெளிச்சம் ஒரு மாதிரி விழுந்தால் ஜன்னலிலேயே நம் முகமும் தெரியும் என்று பிஷப் அந்தக் கட்டுரையிலேயே சொல்கிறார். தமிழில் இதை விளக்கவே வேண்டாம். ஜன்னலில் பதித்திருப்பதும் கண்ணாடி, முகம் பார்ப்பதும் கண்ணாடி, கண் சரியாகத் தெரியவில்லை என்றால் மூக்கில் மாட்டுவதும் கண்ணாடி.

பிஷப் இதை எழுதியபோது மனதில் இருந்தது முதலில் நிறம். அதற்கு 25 வருடம் முன்னால், 1965இல், நான்சி லாரிக் என்பவர் அமெரிக்கக் குழந்தைப் புத்தகங்களை எண்ணிப் பார்த்து ஒரு கட்டுரை எழுதினார். ஐந்து வயதுக் கறுப்பினச் சிறுமி ஒருத்தி படப் புத்தகத்தைப் பார்த்துவிட்டு, ஏன் எப்பவும் வெள்ளைப் பிள்ளைகளாகவே இருக்கிறார்கள் என்று கேட்டதில் தொடங்குகிறது அந்தக் கட்டுரை. 1962 முதல் 1964 வரை வந்த ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட புத்தகங்களில், ஒரே ஒரு கறுப்பு முகமாவது இருந்தவை நூற்றுக்கு ஏழுகூடத் தேறவில்லை. விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தின் குழந்தைப் புத்தக மையம் 1985இல் எண்ணத் தொடங்கியபோது, அந்த வருடம் வந்த சுமார் 2,500 புத்தகங்களில் கறுப்பின எழுத்தாளரோ ஓவியரோ செய்தவை 18. இப்படி உட்கார்ந்து எண்ணுவது சின்ன வேலை போலத் தெரியும், ஆனால் எண்ணிக் காட்டும்வரை யாரும் நம்புவதில்லை. நம் வீட்டு அலமாரியில் இருக்கும் பிள்ளைகள் புத்தகங்களை எடுத்து, எத்தனையில் அப்பா சமைக்கிறார், எத்தனையில் பாட்டிதான் வீட்டை நடத்துகிறார் என்று எண்ணிப் பாருங்கள். நான் எண்ணியது ஒரு கைவிரல்களுக்குள்ளேயே அடங்கிவிட்டது.

நிறத்துக்குச் சொன்ன அதே உவமை குடும்பத்துக்கும் பொருந்தும் என்று எல்லோருக்கும் சீக்கிரம் புரிந்துவிட்டது. அதற்கு முன்னாலேயே இதில் கைவைத்தவர்களும் உண்டு. ஜெர்மன் எழுத்தாளர் எரிக் கேஸ்ட்னர் 1949இல் ஒரு கதை எழுதினார். கோடைக்கால விடுதி ஒன்றில் இரண்டு சிறுமிகள் சந்திக்கிறார்கள், அச்சு அசலாக ஒரே முகம். அப்பாவும் அம்மாவும் பிரிந்தபோது ஆளுக்கு ஒருத்தியாகப் பங்கு போட்டுக்கொண்ட இரட்டையர் அவர்கள். எங்கேயோ கேட்ட கதை மாதிரி இருக்கிறதா? அதை வைத்து டிஸ்னி 1961இல் படம் எடுத்தது, அந்தப் படத்திலிருந்து ஏவிஎம் 1965இல் எடுத்ததுதான் குட்டி பத்மினி இரட்டை வேடத்தில் நடித்த 'குழந்தையும் தெய்வமும்'. நம் அம்மாக்கள் தலைமுறை அழுதுகொண்டே பார்த்த படத்துக்கு மூலம் ஒரு ஜெர்மன் குழந்தைப் புத்தகம்.

அந்தப் புத்தகத்தில் எனக்கு மிகவும் பிடித்த இடம் கதைக்கு வெளியே இருக்கிறது. நடுவில் கேஸ்ட்னர் நிறுத்திவிட்டு, பெரியவர்கள் யாராவது உங்கள் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்து, 'விவாகரத்தைப் பற்றியெல்லாம் பிள்ளைகளிடம் பேசலாமா' என்று முகம் சுளித்தால் அவர்களுக்கு இதை வாசித்துக் காட்டுங்கள் என்று பிள்ளைகளிடமே சொல்லுகிறார். ஷர்லி டெம்பிள் என்ற குழந்தை நட்சத்திரம் நடித்த படத்தை அவளே தியேட்டரில் போய்ப் பார்க்க முடியவில்லையாம், வயது போதாது என்று. நடிக்கலாம், பார்க்கக்கூடாது. பிரிந்த பெற்றோருக்குப் பிறந்த பிள்ளைகளும் அப்படித்தான், அதைத் தினமும் அனுபவிக்கலாம், ஆனால் அதைப் பற்றிப் படிக்கக்கூடாதா என்று கேட்கிறார். 'இதெல்லாம் பிள்ளைகளுக்கு எதுக்கு' என்று கேட்பவர்களுக்கு இதைவிட நல்ல பதில் நான் இன்னும் கேட்டதில்லை.

ஆனால் கேஸ்ட்னர் கதையிலும் சரி, டிஸ்னியிலும் ஏவிஎம்மிலும் சரி, கடைசியில் அப்பாவும் அம்மாவும் சேர்ந்துவிடுகிறார்கள். தியேட்டருக்கு அது நல்ல முடிவு. நிஜத்தில் பிரிந்த வீட்டுப் பிள்ளைக்கு அது ஒரு பொய் நம்பிக்கை. நாமும் ஏதாவது தந்திரம் செய்தால் சேர்ந்துவிடுவார்களோ, சேராவிட்டால் அது நம் தப்போ என்று அது நினைக்கும். பெவர்லி கிளியரி என்ற அமெரிக்க எழுத்தாளரிடம், ஒருவரை ஒருவர் அறியாத இரண்டு சிறுவர்கள், பெற்றோர் பிரிந்த பையனைப் பற்றி ஒரு கதை எழுதுங்கள் என்று தனித்தனியாகக் கேட்டார்கள். அப்படி வந்தது 1983இல் வெளியாகி மறு வருடம் நியூபெரி என்ற அமெரிக்கக் குழந்தை இலக்கிய விருது வாங்கிய 'டியர் மிஸ்டர் ஹென்ஷா'. கதை முழுக்க அந்தப் பையன் எழுதும் கடிதங்களும் நாட்குறிப்பும்தான். அப்பா லாரி ஓட்டுகிறவர், போன் பண்ணுகிறேன் என்று சொல்லிவிட்டுப் பண்ணாதவர். கடைசியில் அவர் வீட்டு வாசலுக்கு வந்து, மறுபடி சேரலாமா என்பதுபோலப் பேசுகிறார், அம்மா மறுத்துவிடுகிறார். பையனுக்கு வருத்தம், கூடவே ஏதோ ஒரு நிம்மதி. இரண்டும் ஒரே நேரத்தில் வரும் என்று ஒரு பத்து வயதுப் பிள்ளைக்குச் சொன்னதுதான் அந்தப் புத்தகத்தின் வேலை.

இங்கே ஒரு வகைப்பிரிப்பு சொல்ல வேண்டும், இது நானாகச் செய்த வகைப்பிரிப்பு, பாடப்புத்தகத்தில் தேடாதீர்கள். குடும்பம் பற்றிய குழந்தைப் புத்தகங்களில் ஒரு வகை பட்டியல் போடுவது. சிலருக்கு அப்பா மட்டும், சிலருக்கு அம்மா மட்டும், சிலர் தத்துப் பிள்ளைகள், சிலருக்கு இரண்டு அம்மா, பக்கத்துக்கு ஒரு படம். மூன்று நான்கு வயதுக்கு இது நல்லதுதான், விரல் வைத்து "இது நம்ம வீடு" என்று காட்ட ஒரு இடம் கிடைக்கிறது. ஆனால் குடும்ப அட்டையில் பெயர் பார்த்த மாதிரி ஒரு தடவை பார்த்தால் தீர்ந்தது, மறுபடி எடுக்கத் தோன்றாது.

இரண்டாவது வகையில் அந்தக் குடும்பம்தான் பிரச்சினை. அப்பா இல்லையே என்று பிள்ளை அழும், பள்ளிக்கூடத்தில் கேலி செய்வார்கள், கடைசியில் ஆசிரியர் வந்து எல்லாக் குடும்பமும் நல்ல குடும்பம்தான் என்பார். நல்ல எண்ணம்தான். ஆனால் தன் வீட்டில் குறை இருப்பதாக அதுவரை நினைக்காத பிள்ளைகூட, இதைப் படித்தபிறகு நினைக்க ஆரம்பிக்கும். எங்கள் சனிக்கிழமைக் கூட்டத்தில் இப்படி ஒன்றை வாசித்துவிட்டு, எல்லாப் பிள்ளைகளும் திரும்பி ஒரே ஒரு பெண்ணைப் பார்த்ததை நான் மறக்கவில்லை. அந்தப் புத்தகத்தை அப்புறம் எடுக்கவே இல்லை.

மூன்றாவது வகைதான் எனக்குப் பிடித்தது. குடும்பம் அதில் ஒரு இடம் மட்டுமே, கதை வேறு எதையோ பற்றியது. வேரா பி. வில்லியம்ஸ் 1982இல் எழுதி வரைந்த 'எ சேர் ஃபார் மை மதர்' இதற்கு நல்ல உதாரணம். ஒரு சிறுமி, அம்மா, பாட்டி, மூன்று பேர். வீடு தீப்பிடித்து எல்லாம் போய்விடுகிறது. அம்மா சாப்பாட்டுக் கடையில் பரிமாறுகிற வேலை பார்த்துவிட்டுக் கால் வலிக்க வருகிறார், உட்கார வீட்டில் ஒரு நல்ல நாற்காலி இல்லை. டிப்ஸாக வந்த சில்லறையை ஒரு பெரிய கண்ணாடி ஜாடியில் போட்டு, நிறைந்ததும் ரோஜாப்பூப் போட்ட ஒரு வெல்வெட் நாற்காலி வாங்குகிறார்கள். கதை அவ்வளவுதான். அப்பா எங்கே? புத்தகம் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை. வாசிக்கும் பிள்ளைகளும் கேட்பதில்லை, நான் கவனித்திருக்கிறேன், அவர்களுக்கு ஜாடி எப்போது நிறையும் என்பதுதான் கவலை. அந்த மூன்று பேரும் சேர்ந்தால் ஒரு முழு வீடு என்று சொல்லாமலே சொல்லிவிடுகிறது.

ஆக, ஒரு புத்தகத்தைக் கையில் எடுத்ததும் நான் கேட்டுக்கொள்ளும் கேள்வி ஒன்றுதான். இந்தக் கதையில் குடும்பம் தீர்க்கவேண்டிய சிக்கலா, கதை நடக்கும் வீடா? சிக்கலாக வரும் புத்தகமே வேண்டாம் என்று சொல்ல மாட்டேன், கிளியரி புத்தகமே அப்படித்தானே. அழ வேண்டிய நேரத்தில் பிள்ளைக்கு அதுவும் தேவைப்படும். பத்துக்குப் பத்தும் அப்படி இருந்தால்தான் தொந்தரவு.

இதில் சண்டை வருவது எப்போதும் ஒரே இடத்தில்தான், இரண்டு அம்மா அல்லது இரண்டு அப்பா உள்ள வீடு. மாசசூசெட்ஸில் ஒரு பெண், எங்கள் மாதிரிக் குடும்பத்தைக் காட்டும் ஒரு புத்தகம்கூட இல்லையே என்று தெருவில் பார்த்துச் சொன்னதைக் கேட்டு லெஸ்லியா நியூமன் எழுதிய 'ஹெதர் ஹாஸ் டூ மம்மீஸ்' 1989இல் வந்தது, அடுத்த பத்தாண்டு முழுக்க அதை நூலகங்களிலிருந்து எடுக்கச் சொல்லிப் புகார்கள். நியூயார்க் மிருகக்காட்சிசாலையில் ஒரு முட்டையை அடைகாத்துக் குஞ்சு பொரித்த இரண்டு ஆண் பென்குயின்களைப் பற்றிய 'அண்ட் டேங்கோ மேக்ஸ் த்ரீ' 2005இல் வந்தது, எடுக்கச் சொல்லி அதிகம் எதிர்ப்பு வந்த புத்தகங்கள் என்று அமெரிக்க நூலகச் சங்கம் வெளியிடும் பட்டியலில் 2006 முதல் 2008 வரை மூன்று வருடமும் அதற்குத்தான் முதலிடம். பிரிட்டனில் 1988இல் ஒரு சட்டமே வந்தது, பிரிவு 28 என்பார்கள், ஒருபால் உறவை உள்ளாட்சி அமைப்புகள் ஊக்குவிக்கக்கூடாது என்று. ஒருபால் உறவை 'போலிக் குடும்ப உறவு' என்று அந்தச் சட்டத்தின் வாசகமே சொன்னது, அப்பாவும் அவர் துணைவரும் வளர்க்கும் ஒரு சிறுமியைப் பற்றிய டென்மார்க் படப் புத்தகம் ஒன்று அந்தச் சண்டைக்குப் பெரிய காரணம். இங்கிலாந்தில் அது நீங்க 2003 ஆனது.

நமக்குப் பக்கத்தில் சிங்கப்பூரில் நடந்தது பல தமிழ்ப் பெற்றோர் கண்முன்னால் நடந்தது. 2014 ஜூலையில் தேசிய நூலக வாரியம், குழந்தைகள் பகுதியிலிருந்து மூன்று புத்தகங்களை எடுத்து அழிக்க முடிவு செய்தது, பென்குயின் புத்தகம் அதில் ஒன்று. எதிர்ப்பு கிளம்பியது, பெற்றோர்கள் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு நூலகக் கட்டடத்திலேயே உட்கார்ந்து அந்தப் புத்தகங்களை வாசித்தார்கள். ஒன்று ஏற்கெனவே கூழாக்கப்பட்டிருந்தது. மற்ற இரண்டையும் பெரியவர்கள் பகுதிக்கு மாற்றினார்கள். படப் புத்தகத்தைப் பெரியவர்கள் பகுதியில் வைப்பது எனக்கு ஷர்லி டெம்பிள் கதையைத்தான் ஞாபகப்படுத்துகிறது.

நம் நாட்டுச் சட்டம் இந்த விஷயத்தில் நம் பாடப் புத்தகத்தைவிட முன்னால் போய்விட்டது என்பது பலருக்குத் தெரியாது. கணவரின் முதல் திருமணத்துப் பிள்ளைகளை வளர்க்கும் ஒரு செவிலியருக்குத் தன் பிரசவத்துக்கு மகப்பேறு விடுப்பு மறுக்கப்பட்ட வழக்கில், குடும்பம் என்றால் அப்பா அம்மா பிள்ளைகள் என்று மட்டும் நினைக்காதீர்கள், சாவு, பிரிவு, மறுமணம், தத்து என்று எத்தனையோ காரணத்தால் அது மாறும் என்ற பொருளில் உச்ச நீதிமன்றம் 2022இல் தீர்ப்புச் சொன்னது. 2025இல் சென்னை உயர் நீதிமன்றம், திருமணம் மட்டுமே குடும்பம் அமைக்கும் வழி இல்லை, தேர்ந்தெடுத்துக்கொண்ட குடும்பம் என்று ஒன்று உண்டு என்றது.

இதெல்லாம் மேற்கத்திய சரக்கு, நம் ஊருக்கு ஒத்துவராது என்று ஒரு பேச்சு வரும், அதைக் கேட்டால் எனக்குச் சிரிப்புத்தான் வரும். முருகனை வளர்த்தது ஆறு கார்த்திகைப் பெண்கள், பார்வதியோடு சேர்த்தால் ஏழு அம்மா. கண்ணனுக்குப் பெற்ற தாய் தேவகி, வளர்த்த தாய் யசோதை. கர்ணன் வளர்ந்தது தேரோட்டி வீட்டில். ஸ்ரீவில்லிபுத்தூரில் துளசிச் செடியடியில் கிடைத்த குழந்தையைப் பெரியாழ்வார் எடுத்து வளர்த்தார் என்கிறார்கள், எங்கள் மாவட்டத்துக்குப் பக்கத்திலேயே தத்தெடுத்த அப்பா. பாரி செத்தபிறகு அவன் மகள்களைக் கூட்டிக்கொண்டு மாப்பிள்ளை தேடி நடந்தவர் கபிலர், அப்பாவின் சிநேகிதர். இத்தனை விதம் கதையில் கேட்டு வளர்ந்துவிட்டு, எழுத்தாக எழுதும்போது மட்டும் நாலு முகத்தோடு நிறுத்திக்கொண்டோம்.

நம் பழங்கதைகளில் ஒருவருக்கு மட்டும் பெரிய அநியாயம் நடந்திருக்கிறது, மாற்றாந்தாய். நாட்டார் கதையில் அவள் வந்தால் கொடுமை செய்யத்தான் வருவாள். இன்றைக்கும் நிதி ஒதுக்காத அரசை 'மாற்றாந்தாய் மனப்பான்மை' என்று பேப்பரில் எழுதுகிறார்கள். அம்மா செத்தபிறகு வந்த சித்தியிடம் நன்றாக வளரும் ஒரு பிள்ளை அந்தத் தலைப்பை எழுத்துக்கூட்டிப் படிக்கும்போது என்ன நினைக்கும்? அம்மாவின் தங்கையும் சித்தி, அப்பாவின் இரண்டாம் மனைவியும் சித்தி. பேச்சு வழக்கில் இவ்வளவு இடம் கொடுத்த நாம் கதையில் கொடுக்கவில்லை.

தமிழில் இன்னும் எழுதப்படாத வீடுகள் நிறைய. வளைகுடாவில் அப்பா, வீடியோ காலில் மட்டும் முகம் தெரியும் வீடு. வீட்டு வேலைக்கு அம்மா அங்கே போய்விட, இலங்கையின் ஊர்களில் அம்மம்மாவே வளர்க்கும் வீடு. போருக்குப் பின் இலங்கையின் வடக்கில் பெண்களே தலையெடுத்து நடத்தும் வீடுகள். கரும்பு வெட்டவும் செங்கல் சூளைக்கும் போகிற, ஆறு மாசத்துக்கு ஒருமுறை பள்ளிக்கூடம் மாறுகிற வீடு. விடுதியிலேயே வளர்கிற பிள்ளைகள். சென்னையிலிருந்து துலிகா 1996 முதல் பல இந்திய மொழிகளில் படப் புத்தகங்கள் போடுகிறது, பிரதம் புக்ஸின் ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழ்க் கதைகளை இலவசமாகவே எடுத்துக்கொள்ளலாம், வேறு சிறு பதிப்பகங்களும் நல்ல காரியம் செய்கின்றன. தேடினால் கொஞ்சம் கிடைக்கும். கிடைக்காதபோது நான் வாசிக்கும்போதே மாற்றிவிடுவேன், அம்மா தலை சீவிவிட்டாள் என்று இருந்தால் ஆச்சி சீவிவிட்டாள் என்று வாசிப்பேன். இன்னும் கொஞ்சம் வேகம் இருந்தால் ஒரு தாளை நான்காக மடித்து எட்டுப் பக்கப் புத்தகம் ஒன்று நாமே செய்துவிடலாம்.

அந்தப் பையனுக்கு அப்படி ஒன்று செய்தேன். ஒரு பேரனும் ஆச்சியும் தொலைந்துபோன ஆட்டுக்குட்டியைத் தேடிப் போகிற கதை. படமும் நானே வரைந்தேன், வெள்ளை முடி, கூன் விழுந்த முதுகு, காதில் பாம்படம், கையில் ஊன்றுகோல். அடுத்த சனிக்கிழமை கொண்டுபோய்க் கொடுத்தேன், கொஞ்சம் பெருமையாகத்தான். முழுசும் புரட்டிவிட்டு முதல் பக்கத்துக்கு வந்தான்.

"இது யாரு சார்?"

"உங்க ஆச்சிடா."

"எங்க ஆச்சி நைட்டில்லா போட்டிருக்கும். பாம்படம்லாம் கிடையாது. பீடி சுத்தும், செல்லுல பாட்டுக் கேக்கும், எங்க அம்மைய விட வேகமா நடக்கும்" என்றவன், பென்சிலை வாங்கி ஊன்றுகோலை அடித்துவிட்டு, மடியில் ஒரு பீடித் தட்டை வரைந்தான்.